பிரிவினையின் கிராங்க்: கையால் கணக்கிட்டுச் சரிபார்க்கும் முறை

ஒரு எண்ணை மிகை முழு எண்களின் கூட்டலாக எழுதினால் அது அந்த எண்ணின் ஒரு பிரிவினை. கூட்டப்படும் எண்கள் கூறுகள். கூறுகளை இடம் மாற்றி எழுதினால் புதுப் பிரிவினை கிடைக்காது. 3+1, 1+3 இரண்டும் ஒன்றுதான். 4-க்கு ஐந்து பிரிவினைகள் உண்டு: 4, 3+1, 2+2, 2+1+1, 1+1+1+1. இதைச் சுருக்கமாக பி(4) = 5 என்று எழுதிக்கொள்வோம்.

பி(200) வரையிலான மதிப்புகளைக் கணிதவியலாளர் மக்மஹோன் கையால் கணக்கிட்டு வைத்திருந்தார். பி(200) மட்டுமே 3972999029388. அந்தப் பட்டியலைப் பார்த்த ராமானுஜன், 1919-இல் வெளியான கட்டுரையில் ஓர் ஒழுங்கைச் சுட்டிக்காட்டினார். 5-ஆல் வகுத்தால் மீதி 4 வரும் எண்களுக்கு (4, 9, 14, 19...) பிரிவினைகளின் எண்ணிக்கை எப்போதும் 5-ஆல் வகுபடும். 7-ஆல் வகுத்து மீதி 5 வந்தால் 7-ஆல் வகுபடும். 11-ஆல் வகுத்து மீதி 6 வந்தால் 11-ஆல் வகுபடும்.

வகுபடும் என்பதற்கு நிரூபணம் இருக்கிறது. ஆனால் 9-இன் 30 பிரிவினைகளை மேசையில் பரப்பி வைத்தால், அவற்றை ஆறு ஆறாக ஐந்து கட்டுகளாகப் பிரிக்க இயல்பான வழி ஏதாவது உண்டா? கிராங்க் என்ற அளவு பிறந்தது இந்தக் கேள்வியிலிருந்துதான். பிரிமன் டைசன் 1944-இல் கேம்பிரிட்ஜின் யுரேகா இதழில் 'ரேங்க்' என்ற எளிய அளவை முன்வைத்தார்: மிகப் பெரிய கூறிலிருந்து கூறுகளின் எண்ணிக்கையைக் கழிக்க வேண்டும், அவ்வளவுதான். ரேங்க்கை 5-ஆலோ 7-ஆலோ வகுத்து, ஒரே மீதி வருபவற்றை ஒரு கட்டாக வைத்தால், அந்தந்த ராமானுஜன் வரிசையில் கட்டுகள் சமமாக இருக்கும் என்பது அவருடைய ஊகம். 1954-இல் அட்கினும் ஸ்வின்னர்டன்-டையரும் அதை நிரூபித்தார்கள். 11-க்கு ரேங்க் உதவவில்லை. அங்கே வேலை செய்யும் இன்னோர் அளவு இருந்தே தீர வேண்டும் என்று சொல்லி, இன்னும் யாரும் காணாத அதற்கு 'கிராங்க்' என்று டைசன் பெயரும் வைத்துவிட்டார். அதை ஜார்ஜ் ஆண்ட்ரூஸும் ஃபிராங்க் கார்வனும் 1987 ஜூனில், இல்லினாய் பல்கலைக்கழகத்தில் ராமானுஜன் நூற்றாண்டு மாநாடு முடிந்த கையோடு கண்டுபிடித்தார்கள். கட்டுரை 1988-இல் வெளிவந்தது.

வரையறை

ஒரு பிரிவினையை எடுத்துக்கொள்ளுங்கள். அதில் எத்தனை 1 இருக்கிறது என்று முதலில் எண்ணுங்கள்.

ஒரு 1 கூட இல்லையென்றால், மிகப் பெரிய கூறுதான் கிராங்க்.

1 இருந்தால், 1-களின் எண்ணிக்கையை 'அ' என்று வையுங்கள். அ-வை விடப் பெரிய கூறுகள் எத்தனை என்று எண்ணி, அதை 'ஆ' என்று வையுங்கள். ஆ-விலிருந்து அ-வைக் கழித்தால் கிராங்க்.

முதல் முறை படிக்கும்போது இது ஏதோ வலிந்து செய்தது போல இருக்கும். 1-களின் எண்ணிக்கையை ஏன் மற்ற கூறுகளின் அளவோடு ஒப்பிட வேண்டும் என்று தோன்றும். வரையறையையே வெறித்துப் பார்ப்பதில் பயனில்லை. 6-ஐ எடுத்து ஒருமுறை முழுதாகப் போட்டுப் பாருங்கள். அதற்குப் பிறகு கை தானாகப் பழகிவிடும்.

6-க்குப் பதினொரு பிரிவினைகள், 6-ஐ 11-ஆல் வகுத்தால் மீதி 6. ஆகவே ரேங்க் தோற்று கிராங்க் வெல்லும் முதல் இடம் இது. ஒவ்வொன்றின் கிராங்க்கும், அதை 11-ஆல் வகுத்த மீதியும் (கிராங்க் எதிர்ம எண்ணானால் 11-ஐக் கூட்டினால் மீதி கிடைக்கும்):

6: கிராங்க் 6, மீதி 6
5+1: அ = 1, ஆ = 1; கிராங்க் 0, மீதி 0
4+2: கிராங்க் 4, மீதி 4
4+1+1: அ = 2, ஆ = 1; கிராங்க் −1, மீதி 10
3+3: கிராங்க் 3, மீதி 3
3+2+1: அ = 1, ஆ = 2; கிராங்க் 1, மீதி 1
3+1+1+1: அ = 3, ஆ = 0; கிராங்க் −3, மீதி 8
2+2+2: கிராங்க் 2, மீதி 2
2+2+1+1: அ = 2, ஆ = 0; கிராங்க் −2, மீதி 9
2+1+1+1+1: அ = 4, ஆ = 0; கிராங்க் −4, மீதி 7
1+1+1+1+1+1: அ = 6, ஆ = 0; கிராங்க் −6, மீதி 5

0 முதல் 10 வரை ஒவ்வொரு மீதியும் ஒரே ஒரு முறை வந்திருக்கிறது. இதே பதினொன்றுக்கும் ரேங்க் போட்டால் வரிசையாக 5, 3, 2, 1, 1, 0, −1, −1, −2, −3, −5 வரும். 1 இரண்டு முறை, −1 இரண்டு முறை. மீதி 4-க்கும் 7-க்கும் ஆளே இல்லை. ரேங்க் எங்கே உடைகிறது என்பது இந்த ஒரு வரியிலேயே தெரிந்துவிடும்.

பெரிய எண்ணுக்கு வரிசைப்படுத்தும் விதம்

9, அதற்கு மேலே என்று போனால் பிரிவினைகளைப் பெரிய கூறு வாரியாக எழுதுவது தவறில்லை, ஆனால் கிராங்க்குக்கு அது வசதியான வரிசை இல்லை. 1-களின் எண்ணிக்கை வாரியாகக் கட்டுக் கட்டாக எழுதுங்கள். அப்போது அ ஒவ்வொரு கட்டிலும் மாறாமல் இருக்கும். ஆ-வை மட்டும் பார்த்தால் போதும். ஒரு கட்டில் எத்தனை இருக்க வேண்டும் என்பதையும் முன்கூட்டியே அறியலாம். 1 இல்லாத பிரிவினைகள் 9-க்கு பி(9) − பி(8), அதாவது 30 − 22 = 8. ஒரே ஒரு 1 உள்ளவை பி(8) − பி(7), அதாவது 22 − 15 = 7. இப்படியே இறங்கிக்கொண்டு போகலாம். எண்ணிக்கை ஒத்துவராவிட்டால் ஏதோ ஒன்றை விட்டுவிட்டீர்கள் என்று அந்தக் கட்டிலேயே தெரிந்துவிடும்; கடைசி வரை போய்த் தேட வேண்டியதில்லை.

9-க்கு:

1 இல்லாதவை எட்டு: 9, 7+2, 6+3, 5+4, 5+2+2, 4+3+2, 3+3+3, 3+2+2+2. கிராங்க் 9, 7, 6, 5, 5, 4, 3, 3.
ஒரு 1 உள்ளவை ஏழு. 1-ஐ நீக்கினால் மிஞ்சுவது 8, 6+2, 5+3, 4+4, 4+2+2, 3+3+2, 2+2+2+2. இங்கே மற்ற எல்லாக் கூறுகளும் 1-ஐ விடப் பெரியவை, அதனால் அவற்றின் எண்ணிக்கையில் ஒன்று குறைத்தால் போதும்: 0, 1, 1, 1, 2, 2, 3.
இரண்டு 1 உள்ளவை நான்கு. மிஞ்சுவது 7, 5+2, 4+3, 3+2+2. கிராங்க் −1, −1, 0, −1.
மூன்று 1 உள்ளவை நான்கு. மிஞ்சுவது 6, 4+2, 3+3, 2+2+2. கிராங்க் −2, −2, −3, −3.
நான்கு 1: மிஞ்சுவது 5, 3+2. கிராங்க் −3, −4.
ஐந்து 1: மிஞ்சுவது 4, 2+2. கிராங்க் −5, −5.
ஆறு 1, ஏழு 1, ஒன்பது 1: முறையே −6, −7, −9.

எட்டு 1 உள்ள பிரிவினை கிடையாது. மிஞ்சும் 1-உம் ஒன்பதாவது 1 ஆகிவிடும்.

இப்போது 5-ஆல் வகுத்து மீதி பாருங்கள். மீதி 0 வருபவை: கிராங்க் 0 இரண்டு, 5 இரண்டு, −5 இரண்டு, ஆக 6. மீதி 1 வருபவை: கிராங்க் 1 மூன்று, 6 ஒன்று, −4 ஒன்று, −9 ஒன்று, ஆக 6. மற்ற மூன்று மீதிகளுக்கும் அப்படியே ஆறு ஆறு.

மூன்று சோதனைகள்

முதலாவது, மொத்த எண்ணிக்கை பி-யின் மதிப்போடு ஒத்துவர வேண்டும். சரிபார்க்கச் சில மதிப்புகள்: பி(5) = 7, பி(6) = 11, பி(7) = 15, பி(8) = 22, பி(9) = 30, பி(12) = 77, பி(14) = 135, பி(17) = 297, பி(19) = 490.

இரண்டாவது, சமச்சீர். கிராங்க் 3 எத்தனை முறை வந்ததோ அத்தனை முறை −3 வர வேண்டும். 9-க்கு இரண்டும் மூன்று முறை வந்தன. வரையறையைப் பார்த்தால் இப்படி நடக்கும் என்று தோன்றவே தோன்றாது. கிராங்க்கின் அழகான குணங்களில் இது ஒன்று.

மூன்றாவதுதான் மிகவும் கூர்மையானது. எல்லாக் கிராங்க்குகளையும் வர்க்கப்படுத்திக் கூட்டினால், எண்ணின் இரு மடங்கைப் பி-யால் பெருக்கிய மதிப்பு வர வேண்டும். 6-க்கு: 36+0+16+1+9+1+9+4+4+16+36 = 132; மறுபக்கம் 2×6×11 = 132. 9-க்கு 540 வர வேண்டும், வருகிறது. இதையும் கண்டவர் டைசன்தான். ஒரு பிரிவினையின் கிராங்க்கை ஒன்று கூட்டியோ குறைத்தோ எழுதிவிட்டால் இந்தக் கூட்டல் இடறும். கையால் கணக்குப் போடும் யாரும் இதைத் தவிர்க்கக் கூடாது.

எங்கே தவறும்

அடிக்கடி நடக்கும் தவறு, 'அ-வை விடப் பெரிய' என்பதை 'அ அல்லது அதைவிடப் பெரிய' என்று எடுத்துக்கொள்வது. 2+1+1-இல் அ = 2. அங்குள்ள கூறு 2, அ-வுக்குச் சமம்; ஆகவே ஆ = 0, கிராங்க் −2. சமமானதையும் எண்ணினால் −1 வரும், மீதி 4. ஆனால் 4 என்ற பிரிவினையின் மீதியும் 4. இரண்டும் மோதி, 4-இலேயே சமப் பிரிவு கெட்டுவிடும்.

அடுத்தது நிரல் எழுதுபவர்களுக்கு. சி, ஜாவா மொழிகளில் −2-ஐ 5-ஆல் வகுத்த மீதி −2 என்றே வரும். பைத்தானில் 3 வரும். நமக்கு வேண்டியது 0 முதல் 4 வரையிலான மீதி. சி-யில் எழுதினால் மீதியோடு 5 கூட்டி மறுபடியும் 5-ஆல் மீதி எடுங்கள்.

மூன்றாவது, எண் 1. அதற்கு ஒரே பிரிவினை. வரையறைப்படி கிராங்க் −1. சமச்சீரும் இல்லை, வர்க்கக் கூட்டலும் 2-க்குப் பதிலாக 1 வருகிறது. இது உங்கள் பிழை அல்ல. கிராங்க்கின் பிறப்பிக்கும் சார்பு (எந்த எண்ணுக்கு எந்தக் கிராங்க் எத்தனை முறை வரும் என்பதைக் குணகங்களாகத் தரும் ஒரே சூத்திரம்) 1-க்கு மட்டும் வேறு கணக்குச் சொல்கிறது: கிராங்க் 1 ஒரு முறை, −1 ஒரு முறை, 0 என்பது 'கழித்தல் ஒரு' முறை. கூட்டினால் ஒன்று. ஆய்வுக் கட்டுரைகளில் 1-க்கு இந்த மதிப்புகளையே எடுத்துக்கொள்வார்கள். 2 முதல் மேலே இரண்டும் ஒன்றுபடும். அந்தப் பிறப்பிக்கும் சார்பு, ஆண்ட்ரூஸ் 1976-இல் கேம்பிரிட்ஜ் டிரினிட்டி கல்லூரி நூலகத்தில் கண்டெடுத்த ராமானுஜனின் கையெழுத்துத் தாள்களில் இருக்கிறது. கிராங்க் என்ற பெயர் பிறக்கும் முன்பே, அதன் சூத்திரத்தை அவர் கையாண்டிருக்கிறார்.

நிரலில் எல்லாப் பிரிவினைகளையும் ஒவ்வொன்றாக உருவாக்குவது 50 வரை சிரமமில்லை; பி(50) = 2,04,226. 100-க்கு 19,05,69,292 ஆகிவிடும். அந்த அளவுக்கு 1-களின் எண்ணிக்கை வாரியான அதே முறையைப் பயன்படுத்துங்கள்: அ-வை நிலைநிறுத்தி, மிஞ்சும் தொகையை 2 முதல் அ வரையுள்ள கூறுகள் ஒரு பக்கம், அ-வை விடப் பெரிய கூறுகள் சரியாக ஆ எண்ணிக்கையில் மறுபக்கம் என்று பிரித்து, இரண்டு பக்க எண்ணிக்கைகளையும் பெருக்கிக் கூட்டினால் போதும். 1 இல்லாத கட்டை மட்டும் பெரிய கூறு வாரியாகத் தனியே எண்ணுங்கள்.

சொல்லைப் பயன்படுத்தும்போது

கிராங்க் பிரிவினைக்கு உரியது, எண்ணுக்கு உரியது அல்ல. '9-இன் கிராங்க்' என்றால் பொருளில்லை. '4+3+1+1-இன் கிராங்க் 0' என்று சொல்ல வேண்டும். '9-இன் பிரிவினைகளில் கிராங்க் 5-ஆல் வகுத்து மீதி 2 தருபவை ஆறு' என்பதும் சரி. ரேங்க் என்று எழுதும்போது டைசன் ரேங்க் என்று தெளிவாக்குங்கள். இயற்கணிதத்தில் வரும் அணியின் (மேட்ரிக்ஸ்) தரத்தோடு இதற்கு எந்தத் தொடர்பும் இல்லை.

ரேங்க்கும் கிராங்க்கும் போட்டியாளர்கள் அல்ல. இரண்டின் வர்க்கக் கூட்டல்களுக்கும் உள்ள வித்தியாசத்தைப் பாதியாக்கினால், ஒவ்வொரு பிரிவினையிலும் மிகச் சிறிய கூறு எத்தனை முறை வருகிறது என்பதன் மொத்தம் கிடைக்கும். இது 2008-இல் ஆண்ட்ரூஸ் தந்த முடிவு. 4-க்குப் பாருங்கள்: கிராங்க் வர்க்கங்கள் 40, ரேங்க் வர்க்கங்கள் 20, வித்தியாசத்தில் பாதி 10. சிறிய கூறுகளை நேரடியாக எண்ணினால் 1+1+2+2+4 = 10.

ஒரு எச்சரிக்கையும் உண்டு. கிராங்க்கின் மீதி வாரியான கட்டுகள் சமமாக இருக்கும் என்ற தேற்றம் 5, 7, 11 ஆகிய மூன்றுக்கும், அவற்றுக்குரிய மீதிகளுக்கும் மட்டுமே. பி(24) = 1575 என்பது 25-ஆல் வகுபடுகிறது என்பதால் கிராங்க் அதை 25 சம கட்டுகளாகப் பிரிக்கும் என்று இந்தத் தேற்றத்தை வைத்துச் சொல்ல முடியாது. கென் ஓனோ 2000-இல், 5 முதலான ஒவ்வொரு பகா எண்ணுக்கும் ராமானுஜன் வகை வகுபாடுகள் உண்டு என்று காட்டினார். அவற்றில் கிராங்க்கின் பங்கை 2005-இல் கார்ல் மால்பர்க் விளக்கினார். அவர் காட்டியது கட்டுகள் சமம் என்பதல்ல; ஒவ்வொரு கட்டின் எண்ணிக்கையும் தனித்தனியே அந்தப் பகா எண்ணால் வகுபடும் எண் வரிசைகள் (4, 9, 14... போல சம இடைவெளியில் வருபவை) உண்டு என்பதே. இரண்டையும் ஒன்றாக்கி எழுதினால் கூற்று தவறாகிவிடும்.