ஸ்டார்ட் ஆனதும் அணைந்துபோகும் கார்: இக்னிஷன் சுவிட்சின் தேய்ந்த கொன்டாக்டைக் கண்டுபிடித்து மாற்றுவது

திறப்பைத் திருகினால் எஞ்சின் பிடிக்கிறது, விரலைத் தளர்த்தித் திறப்பு 'ஒன்'னுக்குத் திரும்பியதுமே அணைந்துபோகிறது. இன்னொரு நாள் எந்தப் பிரச்சினையும் இல்லாமல் ஓடும், பிறகு ஒரு பள்ளத்தில் ரயர் விழுந்ததும் டாஷ்போர்ட் விளக்கெல்லாம் ஒரு கணம் செத்துப் பிழைக்கும். எங்கள் வீட்டுக் கொரோலா ஒரு மாரி முழுக்க இப்படித்தான் செய்தது. மட்டக்களப்பிலிருந்து கல்முனைக்குப் போகும்போது பெரியகல்லாறு தாண்டி நடுவீதியில் நின்றுவிட்டது, பின்னால் பஸ், பக்கத்து சீட்டில் அம்மா. முதலில் பற்றரியை மாற்றச் சொன்னார்கள், மாற்றினோம். பிறகு ஸ்டார்ட்டரைக் கழற்றிச் செய்தார்கள், அதற்கும் காசு கொடுத்தோம். கடைசியில் வயரிங் வேலை செய்யும் வயதான ஒருவர் வந்து, சீட்டில் இருந்து, "மனே, ஓடிக்கொண்டிருக்கும்போது திறப்பை மெதுவா ஆட்டிப் பாரு" என்றார். ஆட்டினேன், எஞ்சின் நின்றது. குறை இருந்தது இக்னிஷன் சுவிட்சுக்குள். பற்றரியும் ஸ்டார்ட்டரும் நன்றாகவே இருந்திருக்கின்றன.

அதனால்தான் இதை எழுதுகிறேன். ஒரு மல்டிமீற்றரும் அரை மணித்தியாலமும் இருந்தால் எது குறை என்று நீங்களே கண்டுபிடிக்கலாம், ஊகத்தில் சாமான் மாற்றத் தேவையில்லை. இலங்கையில் வாகன இறக்குமதியை 2020 மார்ச்சில் நிறுத்தி, தனியார் கார்களுக்கு 2025 பெப்ரவரியில்தான் திரும்பத் திறந்தார்கள். அதனால் இங்கே ஓடுகிற கார்களில் நிறைய இருபது, இருபத்தைந்து வயதுக் கார்கள். அத்தனை வருடமாகத் தினமும் பல தடவை திருகிய சுவிட்ச் தேயத்தான் செய்யும். ஒரு பக்கம் கடல், மறுபக்கம் வாவி, அந்த உப்புக்காற்று வேறு கனெக்டர் பின்களில் பச்சை பிடிக்க வைக்கிறது. காத்தான்குடியோ பாண்டிருப்போ அக்கரைப்பற்றோ, கரையோரம் வாகனம் வைத்திருப்பவர்களுக்கு இந்தப் பச்சையைச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

முதலில் ஒன்றை விளங்கிக்கொள்ளுங்கள். நாம் இக்னிஷன் சுவிட்ச் என்று சொல்வது இரண்டு சாமான். திறப்பு நுழையும் பூட்டு ஒன்று, அது வெறும் இரும்பு வேலை. அதற்குப் பின்னால் ஒட்டியிருக்கும் பிளாஸ்டிக் பெட்டிதான் மின்சாரச் சுவிட்ச். பூட்டின் நாக்கு அதைத் திருப்பும்போது உள்ளே இருக்கும் செப்புத் தகடுகள் ஒன்றையொன்று தொட்டும் விலகியும் லொக், ஏசிசி, ஒன், ஸ்டார்ட் என்ற நான்கு நிலைக்கும் கரண்டைப் பிரித்துக் கொடுக்கின்றன. ஒவ்வொரு தடவை தகடு விலகும்போதும் ஒரு சின்னப் பொறி பறக்கும், அந்தப் பொறிதான் செப்பைக் குழிகுழியாகத் தின்கிறது. உள்ளே போட்ட கிரீஸும் காலப்போக்கில் கருகி இறுகி, கரண்டுக்கு நடுவில் தோல் மாதிரி நின்றுவிடும். கொன்டாக்ட் கெட்டால் சூடு, சூட்டில் பிளாஸ்டிக் இளகும், இளகினால் தகடு இன்னும் தளரும்.

பல பழைய டொயோட்டாக்களில் பற்றரியிலிருந்து இந்தப் பெட்டிக்கு இரண்டு வழியாகக் கரண்ட் வரும், ஏஎம்1, ஏஎம்2 என்று பெயர். ஏஎம்1 போவது ஏசிசிக்கும் ஐஜி1க்கும், அதாவது ரேடியோ, வைப்பர், மீற்றர் போன்றவற்றுக்கு. ஏஎம்2 போவது ஐஜி2க்கும் எஸ்டி2க்கும், அதாவது எஞ்சினை ஓட வைக்கிறவற்றுக்கும் ஸ்டார்ட்டருக்கும். இது தெரிந்தால் குறையின் குணத்தைப் பார்த்தே எந்தத் தகடு என்று பாதி சொல்லிவிடலாம். ரேடியோவும் வைப்பரும் விட்டுவிட்டு வேலை செய்து எஞ்சின் மட்டும் ஒழுங்காக ஓடினால் ஏஎம்1 பக்கம். ஸ்டார்ட் நிலையில் பிடித்து, விரலை விட்டதும் அணைந்தால் ஐஜி2, ஏனென்றால் ஒன் நிலைக்குத் திரும்பும்போது தகடு வேறு இடத்தில் உட்காருகிறது, தேய்ந்த இடம் அதுதான். ஸ்டார்ட்டர் அசையாமல் மற்றதெல்லாம் எரிந்தால் எஸ்டி2ஐச் சந்தேகிக்கலாம், ஆனால் அதில் அவசரப்படக் கூடாது, காரணம் கீழே.

ஸ்டார்ட் ஆகி உடனே அணைவது இமொபிலைசராலும், அதாவது சரியான திறப்பா என்று பார்த்து எஞ்சினை மறிக்கும் திருட்டுக் காவலாலும் வரும். அதில் எஞ்சின் ஓரிரு நொடி ஓடி நிற்கும், டாஷ்போர்டில் திறப்புப் படம் போட்ட விளக்கு மின்னும், திறப்பை எவ்வளவு ஆட்டினாலும் ஒரு மாற்றமும் இராது. பிளாட்டினம் (பொறிக்குக் கரண்டை வெட்டிவிடும் பொயின்ட்) போட்ட மிகப் பழைய கார் என்றால், ஓடும்போது கொயிலுக்குப் போகும் கரண்டைக் குறைக்கும் பலாஸ்ட் ரெசிஸ்டர் எரிந்தாலும் இதே குணம் காட்டும். பழைய டீசல் வானில் எரிபொருளை மறிக்கும் சொலனொய்ட் (கரண்ட் வந்தால் இழுக்கும் மின்காந்தம்) ஒன்று பம்பில் இருக்கும், அதற்கும் கரண்ட் இந்தச் சுவிட்ச் வழியாகத்தான் வருகிறது, அதனால் டீசலும் சுவிட்ச் குறையில் நிற்கும்.

சரி, மீற்றரை எடுப்போம். டீசி 20 வோல்ட்டில் வையுங்கள். இரவு முழுக்க நின்ற காரில் பற்றரியின் இரு முனையிலும் பாருங்கள், நிறைந்த பற்றரி 12.6 காட்டும். 12.2க்குக் கீழே என்றால் முதலில் சார்ஜ் போடுங்கள், அரைப் பற்றரியோடு செய்யும் சோதனை எதையும் நம்ப முடியாது. டெர்மினலில் வெள்ளைப் பூ இருந்தால் சுடுதண்ணீர் ஊற்றிக் கழுவி இறுக்குங்கள், பாடிக்கும் எஞ்சினுக்கும் போகும் எர்த் வயரையும் பார்த்துவிடுங்கள்.

அடுத்தது நான் மிக முக்கியமாக நினைக்கும் சோதனை. ஸ்டார்ட்டரில் ஒரு தடித்த வயர் பற்றரியிலிருந்து வரும், பக்கத்தில் ஒரு மெல்லிய வயர் சுவிட்சிலிருந்து வரும். கியர் நியூட்ரலிலோ (N) பார்க்கிலோ (P) இருக்கட்டும், ஹேண்ட்பிரேக்கை இழுத்துவிடுங்கள், கை, வயர், சட்டை எதுவும் பெல்ட் பக்கம் போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள். மீற்றரின் சிவப்பு முனையை அந்த மெல்லிய வயரின் கனெக்டரிலும் கறுப்பை எஞ்சின் இரும்பிலும் பிடித்து, இன்னொருவரைத் திறப்பை ஸ்டார்ட்டுக்குத் திருகச் சொல்லுங்கள். 10.5க்கு மேல் வந்தும் ஸ்டார்ட்டர் 'டக்' என்று ஒரு சத்தத்தோடு நின்றால் குறை சுவிட்சில் இல்லை. டென்சோ நிறுவனத்தின் ஸ்டார்ட்டர்களுக்குள் இரண்டு செப்புத் துண்டுகள் இருக்கும், அவை தேய்ந்திருக்கும், அவற்றை மட்டும் தனியே மாற்றலாம், முழு ஸ்டார்ட்டர் தேவையில்லை. மாறாக, பற்றரியில் 11 இருக்க மெல்லிய வயரில் 8 அல்லது 9தான் வருகிறதென்றால், வழியில் யாரோ கரண்டைத் தின்கிறார்கள். ஓட்டோ கியர் காரில், கியர் பார்க்கிலோ நியூட்ரலிலோ இல்லாவிட்டால் ஸ்டார்ட்டரை மறிக்கும் நியூட்ரல் சுவிட்சும் அந்த வழியில்தான் இருக்கிறது, அதனால் பார்க்கில் எடுக்காத கார் நியூட்ரலில் எடுக்கிறதா என்று பாருங்கள். எடுத்தால் இக்னிஷன் சுவிட்சைக் குற்றம் சொல்லாதீர்கள்.

இனிச் சுவிட்சையே அளக்க வேண்டும். ஸ்டியரிங் தண்டின் கீழ் மூடியைக் கழற்றினால் கனெக்டர் தெரியும். வயர்கள் செருகியிருக்கும் பின்பக்கத்தால் மீற்றரின் மெல்லிய முனையை உள்ளே விடலாம், வயரைக் குத்தி ஓட்டை போடாதீர்கள், எங்கள் காற்றில் அந்த ஓட்டை வழியாக உப்பு ஏறி ஒரு வருடத்தில் வயர் உள்ளேயே உக்கிவிடும். திறப்பை ஒன்னில் வைத்து, வைப்பர், பின்கண்ணாடி ஹீற்றர் என்று திறப்பு வழியாகப் போகிறதையெல்லாம் போட்டுவிட்டு, சிவப்பு முனை ஏஎம்1இல், கறுப்பு முனை ஐஜி1இல். நீங்கள் பார்ப்பது சுவிட்சுக்குள் விழுந்துபோகும் வோல்ட். 0.2க்குள் என்றால் நல்ல சுவிட்ச். 0.5ஐத் தாண்டினால் தேய்ந்துவிட்டது. ஏஎம்2க்கும் ஐஜி2க்கும் இடையிலும் அப்படியே. ஸ்டார்ட்டுக்குத் திருகும்போது ஏஎம்2க்கும் எஸ்டி2க்கும் இடையில். அளந்துகொண்டே திறப்பைப் பக்கவாட்டில் ஆட்டுங்கள், எண் துள்ளினால் அதற்குமேல் சாட்சி தேவையில்லை.

பலர் சுவிட்சைக் கழற்றி மேசையில் வைத்து ஓம்ஸில் அளந்து, பூச்சியம் காட்டுகிறது, சுவிட்ச் நல்லது என்று திரும்பப் பூட்டிவிடுவார்கள். மீற்றர் ஓம்ஸ் அளக்க அனுப்புவது மிகச் சிறிய கரண்ட். தகட்டில் ஒரு ஊசிமுனை தொட்டாலும் அது போய்விடும். பத்து அம்பியர் போகும்போதுதான் அந்த ஊசிமுனை போதாமல் வோல்ட் விழும். ஆகவே பாரம் ஏற்றித்தான் அளக்க வேண்டும்.

மாற்றும் வேலை அளக்கும் வேலையை விடச் சுலபம். பற்றரியின் மைனஸை 10ஆம் நம்பர் ஸ்பனரால் கழற்றி ஒதுக்கி வையுங்கள். எயார்பேக் உள்ள கார் என்றால் அதன் பிறகு சில நிமிடம் சும்மா இருங்கள், அதற்குள் மிச்சம் இருக்கும் சார்ஜ் இறங்கட்டும். மஞ்சள் கனெக்டர்கள் எயார்பேக்குக்கு உரியவை, அவற்றைத் தொடவே வேண்டாம். ஸ்டியரிங் வளையத்தைக் கழற்ற வேண்டியதில்லை. தண்டின் மூடியைப் பிடித்திருக்கும் ஸ்குரூக்களை கீழிருந்து எடுத்தால் இரண்டு பாதியும் பிரியும், சில ஸ்குரூ ஸ்டியரிங்கைத் திருப்பினால்தான் கண்ணில் படும். திறப்பு நுழையும் இடத்துக்கு நேர் எதிர்ப்பக்கம் சுவிட்ச் இருக்கும், பல டொயோட்டாக்களில் இரண்டு சிறிய ஸ்குரூதான் பிடித்திருக்கும். முனை குட்டையான, தலைக்குச் சரியாகப் பொருந்தும் ஸ்குரூட்ரைவர் வையுங்கள், அந்த ஸ்குரூவின் தலை வழுக்கிவிட்டால் பிறகு பெரிய அலுப்பு. கனெக்டரை வயரால் இழுக்காமல் அதன் கொளுவியை அமுக்கிக் கழற்றுங்கள். கழற்றியதும் அதன் உள்ளே நன்றாகப் பாருங்கள். ஒரு பின்னைச் சுற்றிப் பிளாஸ்டிக் மண்ணிறமாகக் கருகியிருந்தால் புதுச் சுவிட்ச் மட்டும் போதாது, அந்தப் பின்னையும் மாற்ற வேண்டும், இல்லாவிட்டால் புதியதும் அதே இடத்தில் கருகும்.

இந்தச் சுவிட்சை மாற்றினால் திறப்பு மாறாது. பூட்டு பழையதே, இமொபிலைசரின் சுருளும் பூட்டைச் சுற்றித்தான் இருக்கிறது, அதனால் கொம்பியூட்டர் வேலை எதுவும் வராது. முழுப் பூட்டையும் சேர்த்து மாற்ற வேண்டும் என்று யாராவது சொன்னால் ஏன் என்று கேளுங்கள். புதுச் சுவிட்சை வைக்குமுன் பழையதன் நடு வெட்டு எந்தப் பக்கம் பார்க்கிறதோ அதே பக்கம் புதியதையும் திருப்பி வையுங்கள், நாக்கு வெட்டுக்குள் சரியாக உட்கார்ந்தால்தான் ஸ்குரூவை இறுக்க வேண்டும். உட்காராமல் ஸ்குரூவால் இழுத்தால் பிளாஸ்டிக் வெடிக்கும்.

சாமான் எடுக்கும்போது பொனட்டுக்குள் கார் மொடல் எழுதியிருக்கும் தகட்டைப் படம் பிடித்து, பழைய சுவிட்சையும் கையோடு கொண்டுபோங்கள். ஒரே பெயருள்ள காரிலேயே கனெக்டர் பின்களின் எண்ணிக்கை வேறுபடும். கல்முனையிலோ மட்டக்களப்பு நகரிலோ கிடைக்காவிட்டால் கொழும்பு பஞ்சிகாவத்தையிலிருந்து பஸ்ஸில் எடுப்பிக்கலாம். கழற்றின பழைய சுவிட்சை வாங்கிப் போட நான் சொல்லமாட்டேன், அதுவும் இருபது வருடம் திருகியதுதானே.

புதியது வரும்வரை ஓட்டியாக வேண்டும் என்றால் பழையதைத் துப்புரவாக்கிப் பார்க்கலாம். உள்ளே இருப்பது தெரியும் ஒரு பெரிய பொலித்தீன் பைக்குள் கையை விட்டு, பெட்டியின் கொளுவிகளை நெம்பித் திறங்கள், உள்ளே குட்டி ஸ்பிரிங்கும் சில சுவிட்சுகளில் இரும்பு உருண்டையும் இருக்கும், பறந்தாலும் பைக்குள் விழும். திறக்கும் ஒவ்வொரு படியையும் போனில் படம் பிடியுங்கள். கருகிய கிரீஸைக் கொன்டாக்ட் கிளீனரால் கழுவி, தகட்டை 600ஆம் நம்பர் சாண்ட் பேப்பரால் லேசாகத் தடவி, தூள் போகத் துடைத்து, கொன்டாக்ட் கிரீஸ் துளி மட்டும் போட்டு மூடுங்கள். இது சில மாதம் ஓடலாம், ஆனால் மேற்பூச்சு போய்க் குழி விழுந்த செப்பு திரும்ப வேகமாகக் கருகும், புதியதைத் தேடிக்கொண்டே இருங்கள்.

அதுவரை ஓடும்போது அணைந்துவிட்டால் பதறித் திறப்பை லொக்குக்குத் திருப்பிவிடாதீர்கள், ஸ்டியரிங் பூட்டிக்கொள்ளக்கூடும். நியூட்ரலில் போட்டு, பிரேக்கைத் திரும்பத் திரும்ப மிதிக்காமல் ஒரேயடியாக அமத்திப் பிடித்து, ஓரம் கட்டுங்கள். பிரேக் பூஸ்டரில் ஒன்றிரண்டு மிதிக்குத்தான் காற்றிழுப்பு மிச்சம் இருக்கும், ஸ்டியரிங்கும் கனக்கும்.

புதுச் சுவிட்ச் நீடிக்க வேண்டுமென்றால் ஸ்டார்ட்டர் வழிக்கு ஒரு ரிலே போடுங்கள், அது சிறிய கரண்டைக் கொண்டு பெரிய கரண்டைப் போட்டு நிறுத்தும் சுவிட்ச். ஸ்டார்ட்டரின் சொலனொய்ட் இழுக்கும் கனமான கரண்ட் நேரே சுவிட்சின் தகடு வழியாகப் போகும் கார்களில் தகட்டைத் தின்பது பெரும்பாலும் அதுதான். ஸ்டார்ட்டருக்கு வரும் மெல்லிய வயரை ஸ்டார்ட்டர் அருகிலேயே வெட்டி, சுவிட்ச் பக்க முனையை ரிலேயின் 86க்கும் (இவை ரிலேயின் கால்களில் எழுதியிருக்கும் எண்கள்), 85ஐ எர்த்துக்கும், பற்றரியிலிருந்து 30 அம்பியர் பியூஸ் வழியாக ஒரு தடித்த வயரை 30க்கும், 87இலிருந்து சொலனொய்டுக்கும் கொடுங்கள். ஸ்டார்ட்டர் அருகில் வெட்டச் சொல்வதற்குக் காரணம், அப்போதுதான் நியூட்ரல் சுவிட்ச் தன் காவலைத் தொடர்ந்து செய்யும். ரிலேயை மழைத்தண்ணீர் படாத உயரத்தில், கால்கள் கீழே பார்க்கும்படி பூட்டுங்கள், நம் பக்கத்து மார்கழி மழை எதையும் விட்டுவைக்காது.

எல்லாம் பூட்டிப் பற்றரியைக் கொடுத்ததும் மூடியைப் போடுமுன் அதே வோல்ட் சோதனையைத் திரும்பச் செய்யுங்கள். எங்கள் காரில் 0.9 காட்டிய இடம் புதியதில் 0.05க்கு வந்தது. பிறகு எஞ்சின் ஓடும்போது திறப்பை ஆட்டுங்கள், ஒன்றும் நடக்கக் கூடாது. வீட்டுத் திறப்பு, கடைத் திறப்பு, படலைத் திறப்பு என்று கொத்தாகத் தொங்குகிறதே, அதிலிருந்து கார்த் திறப்பை இன்றைக்கே தனியாக எடுங்கள். 2014இல் அமெரிக்காவின் ஜெனரல் மோட்டர்ஸ் கார் நிறுவனம் 26 இலட்சம் அளவு கார்களைத் திரும்ப அழைத்தது இந்தச் சுவிட்சுக்காகத்தான், அங்கே தேய்ந்தது கொன்டாக்ட் இல்லை, திறப்பை ஒன்னில் பிடித்துவைக்கும் பிடி போதாமல், கொத்தின் பாரத்திலும் குலுக்கத்திலும் திறப்பு ஓடும்போதே பின்னால் நழுவியது, எயார்பேக்கும் வேலை செய்யாமல் 124 பேர் இறந்ததாக அந்த நிறுவனத்தின் இழப்பீட்டு நிதியே ஏற்றுக்கொண்டது.