வெளிநாட்டு நகரங்களோடு ஒப்பிடும் முன்: உள்ளாட்சி விஷயத்தில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

"பாரிஸ் மேயரால் முடிகிறது, லண்டன் மேயரால் முடிகிறது, நம்ம ஊர் மேயரால் ஏன் முடியவில்லை?" மழைநீர் வடியாத தெருவில் நிற்பவர் இப்படிக் கேட்பதில் தப்பே இல்லை. அந்த ஆதங்கம் நியாயமானது. ஆனால் பாரிஸ் மேயரின் கையில் என்ன இருக்கிறது, அவருடைய எல்லை எது, பணம் எங்கிருந்து வருகிறது என்று பார்க்காமல் ஒப்பிட்டால், கோபம் தப்பான ஆள் மேல் போய் விழும். பொறுப்பானவர் தப்பித்துக்கொள்வார். போட்டித் தேர்வுக்குப் படிப்பவர்கள், செய்தி எழுதுபவர்கள், வெளிநாட்டுக்குக் குடிபோனவர்கள் எல்லோரும் திரும்பத் திரும்பச் செய்யும் சில தவறுகளை இங்கே பார்ப்போம்.

ஊர்ப் பெயரை வைத்து எல்லையை முடிவு செய்வது

இதுதான் எல்லாவற்றிலும் பெரிய தவறு. மக்கள்தொகை, வரி, குற்றக் கணக்கு என எதை ஒப்பிட்டாலும் இது உள்ளே புகுந்து கணக்கைக் கெடுத்துவிடும்.

லாஸ் வேகாஸை எடுத்துக்கொள்ளுங்கள். அந்தப் பெயரைச் சொன்னதும் நினைவுக்கு வருவது சூதாட்ட விடுதிகள் வரிசைகட்டி நிற்கும் 'ஸ்ட்ரிப்' சாலை. அந்தச் சாலையின் பெரும்பகுதி லாஸ் வேகாஸ் நகராட்சிக்குள் இல்லை. 1950-ல் அந்நகர மேயர், எல்லையை விரிவாக்கி விடுதிகளையும் நகர வரிக்குள் கொண்டுவரப் பார்த்தார். விடுதிக்காரர்கள் முந்திக்கொண்டு கவுண்டி நிர்வாகத்திடம் போனார்கள். நம் மாவட்டம் மாதிரியான அமைப்பு அது. அந்த இடத்தைப் 'பாரடைஸ்' என்ற தனி ஊராக அறிவிக்க வைத்துவிட்டார்கள். பாரடைஸுக்கு மேயர் கிடையாது, நகராட்சியும் கிடையாது. கிளார்க் கவுண்டியின் ஆணையர்கள் ஏழு பேர்தான் அதை நிர்வகிக்கிறார்கள். சுற்றுலாப் பயணிகள் நின்று படம் எடுத்துக்கொள்ளும் 'லாஸ் வேகாஸுக்கு நல்வரவு' பலகையும், விமானம் வந்து இறங்கும் நிலையமும், லாஸ் வேகாஸ் பெயரைத் தாங்கிய பல்கலைக்கழகமும் பாரடைஸ் எல்லைக்குள்தான் இருக்கின்றன. ஆகவே "லாஸ் வேகாஸ் நகராட்சியின் வருமானம்" என்று ஒரு எண்ணைப் பார்த்தால், அதில் நீங்கள் நினைக்கும் லாஸ் வேகாஸ் பெரும்பாலும் இருக்காது.

ஆஸ்திரேலியாவில் இதே சிக்கல் வேறு மாதிரி வரும். சிட்னி என்று உலகம் சொல்லும் பெருநகரில் 50 லட்சத்துக்கும் அதிகமானோர் வாழ்கிறார்கள். 'சிட்னி மாநகராட்சி' என்பதோ சுமார் 25 சதுர கிலோமீட்டர், இரண்டு லட்சத்துச் சொச்சம் பேர். மிச்சப் பெருநகரம் முப்பதுக்கும் அதிகமான வேறு வேறு கவுன்சில்களிடம் இருக்கிறது. பிரிஸ்பேன் நேர் எதிர். 1925-ல் சுற்றியிருந்த சிறு அமைப்புகளையெல்லாம் ஒன்றாக்கியதால், 1,300 சதுர கிலோமீட்டருக்கும் மேல், 12 லட்சத்துக்கும் அதிகமான மக்களோடு ஒரே மாநகராட்சி. பேருந்துகளைக்கூட அதுவே ஓட்டுகிறது. ஒரே நாட்டில் இருக்கும் இந்த இரண்டையும் பக்கத்தில் வைத்து "பிரிஸ்பேன், சிட்னியைவிடப் பெரிய நகரம்" என்று எழுதினால் எண் சரியாக இருக்கும், செய்தி தப்பாகிவிடும்.

சீனாவின் சோங்சிங் இன்னொரு விதம். உலகின் மிகப் பெரிய நகரம் என்று இணையப் பட்டியல்களில் அடிக்கடி முதலிடம் பிடிக்கும். 2020 கணக்கெடுப்பில் 3.2 கோடிப் பேர். ஆனால் அதன் பரப்பு சுமார் 82,000 சதுர கிலோமீட்டர், அதாவது தமிழ்நாட்டில் ஐந்தில் மூன்று பங்குக்கும் மேல். அதற்குள் மலைகள், வயல்கள், கிராமங்கள், தனித்தனிச் சிற்றூர்கள் எல்லாம் அடக்கம். 1997-ல் சிச்சுவான் மாகாணத்திலிருந்து பிரித்து, பெய்ஜிங்கின் நேரடிப் பொறுப்பில் வைக்கப்பட்ட ஒரு மாகாணம் என்று அதை நினைத்துக்கொண்டால் குழப்பம் வராது.

டோக்கியோவும் அப்படித்தான். 'டோக்கியோ நகரம்' என்ற நிர்வாக அமைப்பு 1943-லேயே கலைக்கப்பட்டுவிட்டது. இன்றிருப்பது ஆளுநர் தலைமையிலான டோக்கியோ மாநகர அரசும், அதன் கீழ் 23 சிறப்பு வட்டங்களும், தீவுகளும், மேற்கே உள்ள நகரங்களும்தான். ஒவ்வொரு வட்டத்துக்கும் மக்கள் தேர்ந்தெடுக்கும் தலைவரும் மன்றமும் தனியே உண்டு. "டோக்கியோ மேயர்" என்று செய்தியில் பார்த்தால், எழுதியவர் ஆளுநரைச் சொல்கிறார் என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

மேயர் என்றாலே நகரத்தின் முதலமைச்சர் என்று நினைப்பது

ஒரு மேயரை மதிப்பிடும் முன் இரண்டு கேள்விகள் கேட்க வேண்டும். அவரை யார் தேர்ந்தெடுக்கிறார்கள்? எந்தக் கோப்பில் அவர் கையெழுத்து போட்டால் வேலை நடக்கும்?

லண்டனில் ஒரே சமயத்தில் இரண்டு பேர் உண்டு. லண்டன் மேயர், 2000 முதல் மக்களால் நேரடியாகத் தேர்ந்தெடுக்கப்படுபவர். பெருநகரப் போக்குவரத்து, பெருந்திட்டம், காவல்துறை மேற்பார்வை இவரிடம். லார்ட் மேயர் என்பவர் 'சிட்டி ஆஃப் லண்டன்' என்ற சுமார் மூன்று சதுர கிலோமீட்டர் வணிகப் பகுதிக்கு மட்டும் உரியவர், ஓராண்டுப் பதவி. தங்கத் தேரில் ஊர்வலம் போவது இவர்தான். சரி, உங்கள் வீட்டுக் குப்பையை யார் எடுப்பார்கள்? இருவருமே இல்லை. நீங்கள் குடியிருக்கும் பரோவின் (லண்டனின் உள்ளாட்சிப் பிரிவு) கவுன்சில். அப்படி 32 கவுன்சில்கள் இருக்கின்றன. லண்டனுக்குப் புதிதாகப் போனவர்கள் குப்பைத்தொட்டிக்கும் பள்ளி இடத்துக்கும் மேயர் அலுவலகத்துக்கு மனு எழுதுவது வீண் வேலை.

பாரிஸில் மேயரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுப்பதில்லை, கவுன்சிலர்கள் கூடித் தேர்ந்தெடுக்கிறார்கள். ஆனால் தேர்வான பிறகு அவர்தான் நிர்வாகத்தின் தலைவர். தெருக்களில் சைக்கிள் பாதை போட அவரால் முடிகிறது. மெட்ரோ ரயிலோ பிராந்திய அமைப்பின் பொறுப்பு. காவல்துறைக்குத் தலைவர் அரசு நியமிக்கும் அதிகாரி. 1977 வரை பாரிஸுக்கு ஒரு நூற்றாண்டுக்கும் மேலாக மேயரே இல்லாமல், அரசு அதிகாரியே நகரத்தை நடத்தினார் என்பதையும் சேர்த்துப் பார்த்தால் இந்தப் பங்கீடு புரியும்.

நெதர்லாந்தில் மேயரை அரசாணையால் நியமிக்கிறார்கள். மன்றம் பெயரைப் பரிந்துரைக்கிறது. நியமனம் என்றதும் ஜனநாயகம் இல்லை என்று முடிவுகட்டிவிடக் கூடாது, ஏனென்றால் அங்கே முடிவெடுக்கும் மன்றத்தை மக்கள்தான் தேர்ந்தெடுக்கிறார்கள். மலேசியாவில் கதை வேறு. 1965-ல் நிறுத்திவைக்கப்பட்ட உள்ளாட்சித் தேர்தல் திரும்ப வரவே இல்லை. 1976 சட்டம் அதை முறைப்படியே எடுத்துவிட்டது. கோலாலம்பூர் மேயரும் நியமனம், பிற ஊர்களின் கவுன்சிலர்களும் மாநில அரசின் நியமனம். சிங்கப்பூரில் ஐந்து மேயர்கள் உண்டு. அவர்கள் சமூக மேம்பாட்டு மன்றங்களின் தலைவர்கள். குடியிருப்பு அடுக்ககங்களின் மின்தூக்கி, தாழ்வாரம், தோட்டம் ஆகியவற்றைப் பார்ப்பது வேறு அமைப்பு: நாடாளுமன்ற உறுப்பினர்கள் நடத்தும் நகர மன்றங்கள். இந்த இரண்டு நாடுகளிலும் நம் உறவினர்கள் பலர் இருப்பதால், "உங்க ஏரியா கவுன்சிலர் யாரு?" என்று கேட்டு முழிக்க வைப்பது நம் வீடுகளில் சகஜம்.

அமெரிக்காவின் பல நகரங்களில் மேயர் மன்றக் கூட்டத்துக்குத் தலைமை தாங்குவதோடு சரி. அன்றாட நிர்வாகம், மன்றம் சம்பளத்துக்கு அமர்த்திய மேலாளரிடம். நம் மாநகராட்சி ஆணையர் மாதிரிதானே என்று தோன்றும். ஒரு பெரிய வித்தியாசம் உண்டு. நம் ஆணையரை அனுப்புவதும் மாற்றுவதும் மாநில அரசு. அங்கே மேலாளரை வேலைக்கு எடுப்பதும் நீக்குவதும் மன்றமே. இந்த ஒன்றைக் கவனிக்காவிட்டால் மற்ற ஒப்பீடெல்லாம் பயனற்றது என்றே நான் நினைக்கிறேன்.

எல்லாம் ஒரே அலுவலகத்தின் வேலை என்று எண்ணுவது

அமெரிக்காவில் 90,000-க்கும் அதிகமான உள்ளாட்சி அமைப்புகள் உள்ளன. அதில் நகராட்சிகள் 20,000-க்கும் குறைவு. மிச்சம் கவுண்டிகள், டவுன்ஷிப்கள், பள்ளி மாவட்டங்கள், தண்ணீருக்கும் தீயணைப்புக்குமான தனி மாவட்டங்கள். பள்ளி மாவட்டத்துக்குத் தனித் தேர்தல், பெரும்பாலான இடங்களில் தனி வரி. ஒரே வீட்டின் சொத்துவரி ரசீதில் நாலைந்து அமைப்புகளின் பெயர் இருக்கும். சென்னையில் குடிநீரும் கழிவுநீரும் 1978 முதல் தனி வாரியத்திடம் இருப்பதை அறிந்தவர்களுக்கு இது எளிதில் விளங்கும்.

அரசியல் சாசனத்தில் எழுதியிருந்தால் போதும் என்று நம்புவது

கனடாவில் நகராட்சிகள் முழுக்க மாகாண அரசின் கையில். 2018-ல் டொரண்டோ மாநகராட்சித் தேர்தலுக்கு வேட்பாளர்கள் ஓட்டுக் கேட்டுக்கொண்டிருந்தபோதே, ஒன்டாரியோ அரசு சட்டம் போட்டு வார்டுகளை 47-லிருந்து 25 ஆகக் குறைத்தது. 2021-ல் உச்ச நீதிமன்றம், ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில், அது செல்லும் என்றது.

பிரேசில் எதிர்த் திசை. 1988 அரசியல் சாசனம், மாநிலங்களைப் போலவே நகராட்சிகளையும் கூட்டாட்சியின் உறுப்புகளாக ஏற்றது. சாவோ பாவ்லோவுக்கும் ஆயிரம் பேர்கூட இல்லாத சிற்றூருக்கும் சட்டத்தில் ஒரே தகுதி.

இந்தியா நடுவில் நிற்கிறது. அரசியல் சாசனத்தின் 74-வது திருத்தம் 1993 ஜூன் 1 முதல் நடைமுறையில் உள்ளது. ஐந்தாண்டுக்குள் தேர்தல் நடத்தியாக வேண்டும் என்று அது சொல்கிறது. 18 பணிகளைப் பட்டியலிட்டு, அவற்றைக் கொடுப்பதை மாநிலங்களின் விருப்பத்துக்கு விட்டுவிடுகிறது. எழுத்தில் இருந்த தேர்தல்கூட நடக்கவில்லை. 2016-ல் சென்னை மாநகராட்சி மன்றத்தின் காலம் முடிந்தது, அடுத்த தேர்தல் 2022 பிப்ரவரியில். ஐந்து ஆண்டுக்கும் மேல் 426 சதுர கிலோமீட்டர் நகரத்தில் ஒரு வார்டு உறுப்பினர்கூட இல்லை. வெள்ளமும் கொரோனாவும் வந்த காலத்தில் வார்டு மக்கள் போய் நிற்க ஒரு கதவு இல்லாமல் போனது சின்ன விஷயமல்ல.

காசைப் பார்க்காமல் சேவையைப் பார்ப்பது

ஸ்வீடனின் 290 நகராட்சிகள் பள்ளி, குழந்தைப் பராமரிப்பு, முதியோர் கவனிப்பு எல்லாவற்றையும் நடத்துகின்றன. எப்படி? வருமான வரியை அவையே விதிக்கின்றன. நகராட்சிக்கும் பிராந்தியத்துக்குமாகச் சேர்த்து சராசரியாக வருமானத்தில் 32 சதவீதம் போகிறது, விகிதத்தை முடிவு செய்வதும் அவையே. சொத்துவரியை உயர்த்தவே மாநில அரசின் முகத்தைப் பார்க்கும் நகராட்சியிடம் அதே சேவையை எதிர்பார்த்தால், ஏமாற்றம்தான் மிஞ்சும்.

எண்ணிக்கையை வைத்துத் தீர்ப்பு சொல்வது

பிரான்ஸில் கம்யூன்கள், அதாவது அடிமட்ட உள்ளாட்சி அமைப்புகள், சுமார் 35,000. "இத்தனை எதற்கு, வீண் செலவு" என்று வெளியாட்கள் உடனே சொல்வார்கள். பெரும்பாலானவை பக்கத்துக் கம்யூன்களோடு கூட்டமைப்பு வைத்து, குப்பையையும் குடிநீரையும் சேர்ந்தே கவனிக்கின்றன என்பது அந்த எண்ணில் தெரியாது. இன்னொன்றும் தெரியாது. 1916-ல் வெர்டன் போரில் குண்டுமழையில் அழிந்த கிராமங்களில் ஆறு, ஒருவர்கூடக் குடியில்லாமல் இன்றும் கம்யூன்களாகவே இருக்கின்றன. ஃப்ளூரி அதில் ஒன்று. வெடிக்காத குண்டுகளும் நச்சும் மண்ணில் கிடந்ததால் மக்கள் திரும்பி வரவில்லை. ஓட்டுப் போட ஆளில்லாததால் அரசு அதிகாரி மூன்று பேர் கொண்ட குழுவை நியமிக்கிறார், அதன் தலைவருக்கு மேயரின் கடமை. நினைவிடத்தையும் பதிவேட்டையும் காப்பதுதான் அவர்கள் வேலை. நாட்டுக்காக உயிர்விட்ட ஊரின் பெயரை வரைபடத்திலிருந்து அழிக்க அந்த மக்களுக்கு மனமில்லை. சிக்கனக் கணக்கு மட்டும் போடுபவருக்கு இது பிடிபடாது.

பழைய பட்டியலை நம்புவது

உள்ளாட்சி வரைபடம் வேகமாக மாறுகிறது. டென்மார்க் 2007-ல் 271 நகராட்சிகளை 98 ஆக்கியது. ஜப்பானில் 1999-ல் 3,200-க்கும் மேல் இருந்தவை 2010-க்குள் சுமார் 1,700 ஆகிவிட்டன. இங்கிலாந்தில் 2023 ஏப்ரலில் சாமர்செட், வடக்கு யார்க்‌ஷையர் போன்ற இடங்களில் இரண்டடுக்குக் கவுன்சில்கள் ஒன்றாயின. நம் தமிழ்நாட்டிலும் 2022 தேர்தலில் 21 மாநகராட்சிகள் இருந்தன. 2024-ல் காரைக்குடி, திருவண்ணாமலை, நாமக்கல், புதுக்கோட்டை சேர்ந்து 25 ஆனது. ஆகவே எந்த எண்ணை எடுத்தாலும் அது எந்த ஆண்டுக்கானது என்று பக்கத்திலேயே குறித்துவையுங்கள்.