டெல்லி மொட்டைமாடியில் பிஸ்தா வளர்ப்பது எப்படி?

டெல்லியில் நம் ஊரைவிடக் குளிர் அதிகம் என்பதால் பிஸ்தா இங்கே காய்த்துவிடும் என்று எதிர்பார்க்க வேண்டாம். அந்த மரம் நன்றாகப் பூத்துக் காய்ப்பதற்கு, குளிர்காலத்தில் சுமார் 7 டிகிரி செல்சியசுக்குக் கீழே 800 முதல் 1000 மணி நேரம் வரை தேவைப்படும். ஜனவரியில் சில இரவுகள் அந்த அளவுக்கு இறங்கினாலும் பகல் வெயில் ஏறிவிடுவதால் இங்கே அவ்வளவு நேரம் சேர்வதில்லை. தவிர ஆண், பெண் மரங்கள் தனித்தனி. காற்றுதான் மகரந்தத்தைக் கொண்டு செல்கிறது. விதையிலிருந்து வந்த கன்று எந்தப் பால் என்பது பூக்கும்வரை தெரியாது. ஆகவே மா, முந்திரி குடும்பத்தைச் சேர்ந்த ஒரு பாலைநில மரத்தை அதன் அழகுக்காகவே வளர்க்க விரும்புகிறவர்கள் தொடருங்கள். நான் அப்படித்தான் வளர்க்கிறேன்.

வறுத்து உப்பிட்ட பிஸ்தா முளைக்காது. பழைய டெல்லியின் மசாலா, உலர்பழச் சந்தையான காரி பாவ்லியில் ஓட்டோடு கூடிய வறுக்காத பருப்பு கிடைக்கிறதா என்று கேட்டு, புதிதாகப் பார்த்துப் பத்துப் பன்னிரண்டு வாங்கிக்கொள்ளுங்கள். ஒரு நாள் முழுதும் தண்ணீரில் ஊறவைத்து, ஈரமணலோடு டப்பாவில் மூடிக் குளிர்சாதனப் பெட்டியின் கீழ்த்தட்டில் ஐந்தாறு வாரம் வையுங்கள். ஜனவரித் தொடக்கத்தில் வைத்தால், பிப்ரவரி நடுவில் வெயில் உறைக்கத் தொடங்கும்போது விதைக்கச் சரியாக இருக்கும். வாரம் ஒருமுறை திறந்து, பூசணம் பிடித்ததை எடுத்துவிடுங்கள். ஓட்டின் பிளவில் வெள்ளை வேர்நுனி எட்டிப் பார்த்ததும் அதை முறிக்காமல் ஓரங்குல ஆழத்தில் ஊன்றுங்கள்.

ஆணிவேர் நேரே கீழே ஓடும் என்பதால் அகலமான தொட்டியைவிட ஆழமான தொட்டிதான் நல்லது. தோட்டமண், கட்டட வேலைக்கு வாங்கும் பதர்பூர் மணல், இலைமக்கு ஆகியவற்றைச் சம அளவில் கலந்து நிரப்பி, அடித்துளை அடையாதபடி தொட்டியைச் செங்கல்மேல் தூக்கி வையுங்கள். மே மாத வெயிலையும் ஓரளவு உப்புத் தண்ணீரையும் இந்த மரம் தாங்கும். வேரில் தேங்கும் நீரைத் தாங்காது. மேல்மண் இரண்டு அங்குலம் காய்ந்த பிறகே நீர் ஊற்றுங்கள். ஜூலை முதல் செப்டம்பர் வரை மழை நேரே விழாத, ஆனால் காற்றும் வெளிச்சமும் உள்ள இடத்துக்கு நகர்த்தினால் இலைப்புள்ளி நோய் குறையும்.

குளிர்காலத்தில் இலைகள் முழுதும் உதிர்ந்துவிடும். என் முதல் கன்று செத்துவிட்டதென்று நினைத்துப் பிடுங்கப் போனேன். ஒரு சந்தேகத்தில் தண்டை நகத்தால் லேசாகச் சுரண்டியபோது உள்ளே பச்சை தெரிந்தது. பச்சை இருக்கும்வரை தண்ணீரை மிகவும் குறைத்துக்கொண்டு காத்திருங்கள். வெயில் ஏறியதும் மொட்டுகள் பருக்கத் தொடங்கும்.