பிளேஸ்டேஷன் 3 அப்டேட் கோப்பு: பதிவிறக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

பிளேஸ்டேஷன் 3 விற்பனைக்கு வந்தது 2006 நவம்பரில். 2017-இல் ஜப்பானிலும் அதன் உற்பத்தி நின்றது. உற்பத்தியோடு அப்டேட்டும் நின்றிருக்கும் என்று எண்ணிக்கொண்டு, தேடலில் முதலில் கண்ணில் படும் தளத்திலிருந்து கோப்பை எடுப்பதே பலர் செய்யும் பெரிய தவறு. சோனி தன் பிளேஸ்டேஷன் ஆதரவுத் தளத்தில் அந்தக் கோப்பை இன்றும் இலவசமாகவே தருகிறது, 2025-இல்கூட 4.92 பதிப்பு வெளிவந்தது.

அசல் கோப்பு சுமார் 200 எம்பி இருக்கும். பியுபி (PUP) என்ற நீட்சியுடன் முடியும். அதற்குப் பதிலாகச் சில எம்பி அளவில் ஓர் இஎக்ஸ்இ கோப்போ, கடவுச்சொல் கேட்கும் ஜிப்போ வந்தால் அதைத் திறக்காமலே அழித்துவிடுங்கள். சோனியின் டிஜிட்டல் கையொப்பம் இல்லாத கோப்பை மாற்றப்படாத கன்சோல் ஏற்காது என்பது உண்மைதான். ஆனால் அந்த இஎக்ஸ்இ கெடுக்கப்போவது உங்கள் கணினியை. பழைய பதிப்புகளைத் திரட்டி வைத்திருக்கும் தளங்களையும் நான் பரிந்துரைக்கமாட்டேன். 2013 ஜூனில் வந்த 4.45 பதிப்பால் சில கன்சோல்கள் முடங்கியதால் சோனியே அதைத் திரும்பப் பெற்றது.

சரியான கோப்பை எடுத்த பிறகும் ‘அப்டேட் தரவு கிடைக்கவில்லை’ என்று திரையில் வந்தால், கோப்பே பழுது என்று முடிவுகட்டி வேறு தளம் தேடிப் போகிறார்கள். பெரும்பாலும் கோளாறு பெயரில்தான் இருக்கும். பென் டிரைவில் பிஎஸ்3 (PS3) என்ற ஃபோல்டர், அதனுள் அப்டேட் (UPDATE) என்ற ஃபோல்டர், அதனுள் கோப்பு (PS3UPDAT.PUP) என்ற வரிசை மாறக்கூடாது. எல்லாப் பெயர்களும் ஆங்கிலப் பெரிய எழுத்துகளில் இருக்க வேண்டும். ஃபோல்டர் பெயரில் அப்டேட் என்ற ஆங்கிலச் சொல் முழுமையாக இருக்கும். கோப்பின் பெயரிலோ அதன் கடைசி ‘ஈ’ இருக்காது. அதை எழுத்துப்பிழை என்று நினைத்துத் திருத்தினால் கன்சோல் கோப்பைக் கண்டுகொள்ளாது. ஒரே கோப்பை இரண்டு முறை இறக்கினால், பிரவுசர் பெயருக்குப் பின்னால் அடைப்புக்குறிக்குள் 1 என்று தானாகவே சேர்த்துவிடும். விண்டோஸ் நீட்சியை மறைத்து வைப்பதால், பெயரைத் திருத்தும்போது பியுபி இரண்டு முறை விழுந்துவிடுவதும் உண்டு.

பென் டிரைவ் ஃபேட்32 (FAT32) வடிவில் ஃபார்மட் செய்யப்பட்டிருக்க வேண்டும். 64 ஜிபி டிரைவ்கள் பெரும்பாலும் எக்ஸ்ஃபேட் வடிவில் வருகின்றன. பிஎஸ்3 அதைப் படிக்காது என்பதால் 32 ஜிபிக்கு மிகாத ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள்.

அப்டேட் ஓடும்போது மின்சாரம் போனால் கன்சோல் மீளாமலே போகக்கூடும். மின்வெட்டு அறிவித்த நாளில் இந்த வேலையைத் தொடங்காதீர்கள்; தொடங்கிய பின், கன்சோல் தானாக மறுதொடக்கம் ஆகும்வரை பென் டிரைவைப் பிடுங்காதீர்கள்.