மதுரையில் மறைந்திருக்கும் பழஞ்சின்னங்களைத் தேடுவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

அண்மையில் சமணர் மலைப் பேச்சிப்பள்ளத்தில், சமணர் வணங்கும் தீர்த்தங்கரர் சிற்பங்களின் கீழுள்ள வட்டெழுத்து என்னும் பழைய தமிழ் எழுத்தின் மேல் ஓர் இளைஞர் சாக்பீஸைத் தேய்க்கத் தொடங்கியதைக் கண்டதும், பல ஆண்டுகளுக்கு முன் நான் செய்த அதே மூடத்தனம் நினைவுக்கு வந்து உடல் கூசியது. தண்ணீர், தொப்பி, செருப்பு பற்றியெல்லாம் சொல்லித் தெரிய வேண்டியதில்லை என்பதால் அவற்றை விட்டுவிடுகிறேன்.

எழுத்தின் மேல் சாக்பீஸ் தேய்ப்பது

நான் பாழாக்கியது மாங்குளத்தை அடுத்த மீனாட்சிபுரம் மலையில். கணி நந்தன் என்னும் சமணத் துறவிக்குப் பள்ளி, அதாவது உறைவிடம், அமைத்துக் கொடுத்ததைச் சொல்லி, பாண்டியன் நெடுஞ்செழியன் பெயரையும் தாங்கி நிற்கும் அங்குள்ள தமிழி (தமிழ் பிராமி) எழுத்துக் கல்வெட்டுகள் இரண்டாயிரம் ஆண்டுப் பழமை உடையவை. உச்சி வெயிலில் போய் நின்ற எனக்கு ஒன்றும் புலப்படாததால், தடவித் தடவி வெள்ளையாக்கினேன். தமிழியில் ககரம் கூட்டல் குறியைப் போலிருக்கும்; அதன் பக்கத்தில் ஒரு சிறு கோடு சேர்ந்தாலே உயிர்க்குறி மாறிவிடும். பாறையின் இயல்பான கீறல் ஒன்றை அப்படிப்பட்ட கோடென்று எண்ணி அதையும் நிரப்பியிருந்தேன். படத்தைப் பார்த்த, எழுத்தறிந்த பெரியவர் ஒருவர், "தம்பி, நீங்க கல்வெட்டைப் படிக்கலை, எழுதியிருக்கீங்க" என்றார். அடுத்த முறை போனபோதும் குழிகளில் வெள்ளை ஒட்டியிருந்தது. எனக்குப் பின் வந்தவர்கள் என் பிழையையும் சேர்த்தே படம் எடுத்திருப்பார்கள் என்பதுதான் இன்னும் எரிச்சலூட்டுகிறது.

காலையிலோ மாலையிலோ வெயில் சாய்வாக விழும்போது செல்லுங்கள். வெயில் புகாத இடத்தில் டார்ச்சைப் பாறையோடு ஒட்டினாற்போல் பக்கவாட்டில் பிடித்தால், பள்ளங்களில் நிழல் விழுந்து எழுத்து தானே எழுந்து நிற்கும். பிறர் பூசியதைத் துடைக்கவும் முயல வேண்டாம்.

பத்துத் தூணைக் கடைகள் திறந்திருக்கும் நேரத்தில் தேடுவது

திருமலை நாயக்கர் அரண்மனையின் எச்சமான இந்தத் தூண்கள், விளக்குத்தூணுக்கு அருகில் ஜவுளிக் கடைகள் நெருங்கிய சந்தில் நிற்கின்றன. கடை திறந்துவிட்டால் தொங்கும் துணிகளைத்தான் பார்ப்பீர்கள். அதிகாலையில் போனால் தூணின் பருமன் தெரியும்.

ராயகோபுரத்தை அண்ணாந்து தேடுவது

மீனாட்சியம்மன் கோயிலுக்கு எதிரே தொடங்கிய இந்தக் கோபுரம் கட்டி முடிக்கப்படவே இல்லை, அடித்தளத்தைப் பாருங்கள்.

நரசிங்கத்துக்கு நண்பகலில் போவது

நண்பகலில் கோயில் பூட்டியிருக்கும்; அங்குள்ள யானைமலைக் குடைவரைக் கோயிலில் கி.பி. 770ஆம் ஆண்டுக் கல்வெட்டு இருக்க, நீங்கள் பூட்டைப் படம் எடுத்துக்கொண்டு திரும்புவீர்கள்.