கால மூசை: நாழிகைக்கு ஒருமுறை நிறம் மாற்றும் இரசவாதக் கருவி செய்யும் முறை

"மாமா, என் கதையில் கொழும்புச் செட்டியார் தெருவில் ஓர் இரசவாதி இருக்கிறார். அவருடைய கருவி காலத்தை ஆராயும், மாயப்பொருளை உருமாற்றும். ஆனால் அது எப்படி வேலை செய்கிறது என்று எழுத வரவில்லை" என்றாள் மருமகள். சொல்லிக்கொடுப்பதைவிடச் செய்து காட்டுவது மேல் என்று எனக்குத் தோன்றியது. கற்பனைக் கருவிக்குள் உண்மையான இயக்கம் ஒன்று இருந்துவிட்டால் எழுதும் கை தடுமாறாது. பொற்கொல்லர் பொன் உருக்கும் கிண்ணத்துக்கு மூசை என்று பெயர். எங்கள் கருவிக்குக் 'கால மூசை' என்று பெயர் வைத்தோம்.

இதன் உயிர் நாழிகை வட்டில். அடியில் சிறு துளையிட்ட கிண்ணத்தை நீரில் மிதக்கவிட்டால், துளை வழியே நீர் மெல்ல ஏறி, குறித்த நேரத்தில் கிண்ணம் மூழ்கிவிடும். முல்லைப்பாட்டில் வரும் 'குறுநீர்க் கன்னல்' இப்படி நீரால் பொழுதளந்த கருவிதான். பழைய வானியல் நூலான சூரிய சித்தாந்தம் கூறும் செப்புக்கிண்ணம் ஒரு பகலும் இரவும் கழிவதற்குள் 60 தடவை மூழ்க வேண்டும். ஒரு மூழ்கல் ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம்.

தேவையானவை: அரை லீற்றர் கொள்ளும் மெல்லிய எவர்சில்வர் கிண்ணம், அது முழுதாக அமிழும் ஆழமுள்ள கண்ணாடித் தொட்டி, உலர்ந்த நீலச் சங்குப்பூ ஒரு கைப்பிடி, இரண்டு தேசிக்காய், அப்பச்சோடா, சில நாணயங்கள்.

முதல் வேலை துளை. இதில் மட்டும் அவசரம் வேண்டாம். செட்டியார் தெருவுக்குப் பின்னாலுள்ள நகைப்பட்டறை ஒன்றுக்குக் கிண்ணத்தைக் கொண்டுபோனேன். அங்கிருந்த முதியவர் அதைக் கவிழ்த்து, நூலால் குறுக்கும் நெடுக்கும் அளந்து, நடுவில் மைப்புள்ளி வைத்தார். கூரிய உளியால் அந்தப் புள்ளியில் ஒரு பள்ளம் தட்டினார். "பள்ளம் இல்லாவிட்டால் ஊசி வழுக்கும், தம்பி" என்றார். ஒரு மில்லிமீற்றர் ஊசியால் துளைத்து முடித்ததும், உள்விளிம்பில் நின்ற பிசிரை நகத்தால் தடவிக் கண்டுபிடித்து, சிறு அரத்தால் எடுத்துவிட்டார். அந்தப் பிசிரை விட்டிருந்தால் நீரின் வேகம் குறைந்திருக்கும். துளையின் விட்டம் இரண்டு மடங்கானால் நீர் ஏறுவது நான்கு மடங்காகும். ஆகவே சிறிதாகவே தொடங்குங்கள். பெருப்பிப்பது எளிது, சுருக்குவது கடினம்.

அடுத்தது மாயப்பொருள். இரசவாதம் என்றதும் பாதரசத்தை நினைப்பவர்கள் உண்டு. சித்தர்கள் இரசம் என்றது அதைத்தான். பாதரச அணுவில் 80 புரோத்தன்கள், பொன்னில் 79. இடையில் நிற்பது ஒன்றே ஒன்று. அந்த ஒன்றைத் தாண்ட எத்தனை தலைமுறை உலை ஊதியது என்று நினைக்கும்போது எனக்கு மனம் கனக்கும். 1941இல் பாதரசத்தை நியூத்திரன்களால் தாக்கிப் பொன்னாக்கியபோதும் கிடைத்தது கதிரியக்கப் பொன்தான். வீட்டில் பாதரசத்தைத் தொடவே வேண்டாம், அதன் ஆவி நஞ்சு. நமக்குச் சங்குப்பூ போதும். அதைக் கொதிநீரில் ஊறவைத்து, துணியில் இருமுறை வடித்து, ஆறவிட்டு, மூன்று லீற்றர் நீருடன் கலந்து தொட்டியை நிரப்புங்கள். ஒரு இதழ்த் துணுக்கு தங்கினாலும் துளை அடைபடும்.

இப்போது வெறும் கிண்ணத்தை மிதக்கவிட்டு நேரம் பாருங்கள். 24 நிமிடத்துக்கு முன்பே மூழ்கினால் துளை பெரிது. தேன்மெழுகால் அடைத்து, அதன் நடுவே மெல்லிய ஊசியால் குத்துங்கள். பிந்தினால் ஒரு நாணயத்தை உள்ளே வையுங்கள், எடை கூடக் கூட நீர் விரைந்து ஏறும். எங்கள் கிண்ணம் முதலில் 31 நிமிடம் எடுத்தது. மூன்று நாணயங்களுக்குப் பிறகு 24 நிமிடம் 10 செக்கனுக்கு வந்தது.

அளவு சரியானதும் மிதக்கும் கிண்ணத்தில் இரண்டு மேசைக்கரண்டி தேசிக்காய்ச் சாறு ஊற்றுங்கள். துளை வழியே ஏறும் நீலம் சாற்றைத் தொட்ட இடத்திலேயே இளஞ்சிவப்பாக மாறும், நிறைய நிறைய ஊதாவுக்குப் போகும். நாழிகை முடிந்து கிண்ணம் அடியில் 'டங்' என்று தட்டும்போது சாறு வெளியே பரவி, தொட்டி முழுவதும் ஊதாவாகும். மருமகள் அந்த ஓசைக்காகவே நான்கு தடவை காத்திருந்தாள்.

இந்தக் கருவி எந்த மணிக்கூட்டுக்கும் கட்டுப்படாது. இலங்கையில் 1996 மே மாதத்தில் நேரத்தை ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளினார்கள், ஒக்டோபரில் அரை மணித்தியாலம் பின்னே இழுத்தார்கள், மிச்ச அரையையும் 2006 ஏப்ரலில் திருப்பிக் கொடுத்தார்கள். சுவர் மணிக்கூடுகளின் முட்களைத்தான் திருப்பினோம். அந்த நாள்களில் இந்தக் கிண்ணம் மிதந்திருந்தாலும் ஒரு நாழிகைக்கு அதே அளவு நீர்தான் ஏறியிருக்கும். கதைக்கு இதைவிட நல்ல கரு எனக்குத் தெரியவில்லை.

கடைசியாக, கருவிக்கு ஒரு சட்டம் வேண்டும். தொட்டியில் அரைத் தேக்கரண்டி அப்பச்சோடாவைத் தூவினால் நுரைத்து, ஊதா மறைந்து நீலம் திரும்பும். கூடிப்போனால் பச்சை தட்டும். பொருள் திரும்பிவிடுகிறது, கிண்ணம் மட்டும் அடியிலேயே கிடக்கிறது. மருமகள் அதையே சட்டமாக எழுதிக்கொண்டாள்: எந்தப் பொருளையும் பழைய நிலைக்குக் கொண்டுவரலாம், கழிந்த நாழிகையை மட்டும் முடியாது. அவளுடைய இரசவாதி ஒவ்வொரு தடவையும் முழங்கைவரை நனைத்துக் கிண்ணத்தை எடுத்துத்தான் மீண்டும் மிதக்கவிட வேண்டும்.