தீப்பெட்டிப் படங்கள்: சேகரிப்பில் தொடங்கி சின்னப் புத்தகம் வரை

பெட்டிக்கடையில் இரண்டு ரூபாய்க்குக் கிடைக்கும் தீப்பெட்டியைத் திருப்பித் திருப்பிப் பாருங்கள். ஒரு பக்கம் படம், இன்னொரு பக்கம் ஊர்ப் பெயர், விலை, குச்சிகளின் எண்ணிக்கை. மக்களுக்கு எந்தப் படம் பிடிக்கும், எந்த ஊரில் தொழில் நடக்கிறது, அரசு என்ன வரி போடுகிறது என்று பல சேதிகள் அந்தச் சின்ன அட்டையில் இருக்கின்றன. உலகம் முழுக்க இதைச் சேகரிப்பவர்கள் இருக்கிறார்கள். தீப்பெட்டித் தொழிலின் மையமான தமிழ்நாட்டில் இருக்கும் நமக்கு இது கைக்கெட்டும் தூரத்தில் கிடைக்கும் பொழுதுபோக்கு. பெரிய செலவும் கிடையாது.

படத்தை மட்டும் சேர்த்தால் போதாது, கூடவே விவரத்தையும் எழுத வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. இணையத்தில் அழகான தீப்பெட்டிப் படங்கள் நிறையவே கிடைக்கின்றன. ஆனால் எந்த ஊர், எந்தக் காலம், என்ன விலை என்ற தகவல் பெரும்பாலும் இருப்பதில்லை. அதனால் இந்த விளக்கத்தில் ஆல்பத்துக்கும் நோட்டுப் புத்தகத்துக்கும் சம இடம் கொடுத்திருக்கிறேன்.

முதலில் கொஞ்சம் பின்னணி. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்தியாவுக்குத் தீப்பெட்டி ஸ்வீடனிலிருந்தும் ஜப்பானிலிருந்தும் வந்துகொண்டிருந்தது. இந்தியச் சந்தைக்கென்றே நம் சாமி படங்களை அச்சிட்டு அனுப்பினார்கள். 1922இல் சிவகாசியைச் சேர்ந்த அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா போய் இந்தத் தொழிலைக் கற்றுக்கொண்டு திரும்பினார்கள். அப்புறம் சிவகாசி, சாத்தூர், கோவில்பட்டி, கழுகுமலை, எட்டயபுரம் என்று அந்த வறண்ட கரிசல் பூமி முழுக்கத் தொழில் பரவியது. வடக்கே குடியாத்தமும் ஒரு மையம். தீப்பெட்டிக்கும் பட்டாசுக்கும் லேபிள் தேவைப்பட்டதால்தான் சிவகாசியில் அச்சுத் தொழில் வேரூன்றியது. நம் வீட்டுச் சுவரில் தொங்கும் காலண்டர் வரை அதன் தொடர்ச்சிதான்.

படி 1: எதைச் சேர்ப்பது என்று முடிவு செய்யுங்கள்

கண்ணில் பட்டதையெல்லாம் சேர்த்தால் ஆறு மாதத்தில் ஒரு அட்டைப்பெட்டி நிறைய குப்பைதான் மிஞ்சும். ஒரு எல்லை வகுத்துக்கொள்ளுங்கள். விலங்குகள் மட்டும், வண்டி வாகனங்கள் மட்டும், சாமி படங்கள் மட்டும் என்று போகலாம். கோவில்பட்டியில் அச்சானவை மட்டும் என்று ஒரு ஊரைப் பிடித்துக்கொள்ளலாம். எனக்குப் பிடித்த வழி, ஒரே படத்தின் வேறுபாடுகளைத் தேடுவது. ஒரு படம் சந்தையில் நன்றாக ஓடினால் நாலு பேர் அதே மாதிரி போடுவார்கள். வேங்கையோடு சண்டை போடும் மனிதர் படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஒன்றில் அவர் கையில் கத்தி, இன்னொன்றில் கோடாரி, வேறொன்றில் விலங்கு இடப்பக்கத்திலிருந்து பாயும். எது முதலில் வந்தது, யார் யாரைப் பார்த்துப் போட்டார்கள் என்று தேடத் தொடங்கினால் வியாபாரப் போட்டியின் கதை தானாக வெளியே வரும்.

படி 2: தேடுங்கள்

பணம் கொடுத்து வாங்குவதற்கு முன் இலவசமாகக் கிடைப்பதைத் தேடுங்கள். டீக்கடை, கோயில் வாசல் சூடக் கடை, மளிகைக் கடை, வெளியூர் பேருந்து நிலையம் எல்லாம் நல்ல இடங்கள். ஒவ்வொரு ஊருக்கும் வேறு வேறு பிராண்டு போகும் என்பதால் பயணம் போகும்போதெல்லாம் ஒரு பெட்டி வாங்கிவிடுங்கள்.

மளிகைக் கடைக்காரரிடம் இன்னொன்றும் கேளுங்கள். பெட்டிகளைப் பத்தோ பன்னிரண்டோ சேர்த்துக் கட்டிவரும் பாக்கெட்டின் மேல் பெரிய லேபிள் இருக்கும். பண்டலின் மேல் அதைவிடப் பெரியது. சின்னப் பெட்டியில் மங்கலாகத் தெரியும் முகம், எழுத்து, பின்னணி எல்லாம் பெரிய லேபிளில் தெளிவாக இருக்கும். கடையில் அதைக் கிழித்துக் குப்பையில் போட்டுவிடுவார்கள். “அண்ணாச்சி, அந்தப் பாக்கெட் பேப்பரை எனக்கு எடுத்து வையுங்க” என்று சொல்லி வைத்தால் போதும்.

படி 3: பெட்டியிலிருந்து பிரித்தெடுங்கள்

முதலில் குச்சிகளை எடுத்துவிடுங்கள். குச்சியோடு பெட்டிகளைக் குவித்து வைப்பது ஆபத்து. குச்சி முனையில் உள்ள மருந்தில் பொட்டாசியம் குளோரேட் இருக்கிறது, உரசும் பட்டையில் சிவப்புப் பாஸ்பரஸ். இரண்டும் உரசினால்தான் தீ வரும். ஒரு அலமாரியில் ஐம்பது பெட்டியை நெருக்கி வைப்பது அந்த இரண்டையும் பக்கத்துப் பக்கத்தில் வைப்பதுதான். குச்சிகளை ஒரு மூடிபோட்ட தகர டப்பாவில் போட்டு அடுப்படியில் பயன்படுத்துங்கள். குழந்தைகள் கைக்கு எட்டக் கூடாது.

இப்போதைய பெட்டிகள் பெரும்பாலும் அட்டையில் நேரடியாக அச்சிட்டவை. வெளிப்பெட்டி ஒட்டிய இடத்தைப் பாருங்கள். பிளேடு வைக்காமல், மழுங்கிய கத்தியின் நுனியை மெதுவாக உள்ளே விட்டால் ஒட்டு விட்டுவிடும். விரித்த அட்டையை முழுசாக வைத்துக்கொள்ளுங்கள். படம் இருக்கும் பக்கத்தை மட்டும் வெட்டி எடுப்பது பெரிய இழப்பு. விலையும் முகவரியும் பக்கவாட்டில்தான் இருக்கின்றன.

பழைய பெட்டி கிடைத்தால் முறை வேறு. மெல்லிய மரச்சீவலில் பெட்டி செய்து, நீலக் காகிதம் சுற்றி, அதன் மேல் லேபிள் ஒட்டியிருப்பார்கள். இதைத் தண்ணீரில் ஊறவைத்து எடுக்கலாம். ஆனால் அதற்கு முன் லேபிளின் ஓரத்தில் ஈரப் பஞ்சால் ஒரு புள்ளி தொட்டுப் பாருங்கள். பஞ்சில் நிறம் ஏறினால் அத்தோடு நிறுத்திவிடுங்கள், பெட்டியாகவே வைத்துக்கொள்ளலாம். நிறம் ஏறவில்லை என்றால் அகலமான தட்டில் வெதுவெதுப்பான தண்ணீர் ஊற்றி, லேபிள் மேலே இருக்கும்படி மிதக்க விடுங்கள். நீலக் காகிதத்தின் சாயம் தண்ணீரில் இறங்கத் தொடங்கினால் உடனே தண்ணீரை மாற்ற வேண்டும், இல்லாவிட்டால் லேபிளின் வெள்ளைப் பகுதி நீலமாகிவிடும். கால் மணி நேரத்தில் ஒரு மூலை தானாகக் கிளம்பும். இழுக்காதீர்கள். கிளம்பாவிட்டால் இன்னும் கொஞ்சம் ஊறட்டும்.

எடுத்த லேபிளின் பின்பக்கப் பசையை விரலால் தடவி நீக்கி, ஒற்றுத்தாள் நடுவே வைத்து மேலே கனமான புத்தகத்தை வையுங்கள். செய்தித்தாள் வேண்டாம், மை ஒட்டிக்கொள்ளும். ஒருநாள் முழுக்கக் காயட்டும். வெயிலில் வைத்தால் சுருண்டுவிடும்.

படி 4: காலத்தைக் கண்டுபிடியுங்கள்

எனக்கு மிகவும் பிடித்த வேலை இதுதான். தீப்பெட்டியில் அச்சான ஆண்டு பெரும்பாலும் இருக்காது. ஆனால் மற்றதெல்லாம் துப்புக் கொடுக்கும்.

விலையைப் பாருங்கள். அணாவில் விலை இருந்தால் அது 1957 ஏப்ரல் 1க்கு முந்தைய பழக்கம், அன்றுதான் நாட்டில் தசம நாணயம் வந்தது. “நயா பைசா” என்றிருந்தால் 1957 முதல் 1964 வரை. 50 காசு என்றால் பெரும்பாலும் 1995க்கும் 2007க்கும் இடையில். 2007 முதல் ஒரு ரூபாய். பதினான்கு ஆண்டுகள் அதே விலையில் ஓடி, மூலப்பொருள் விலை தாங்காமல், உற்பத்தியாளர் சங்கங்கள் கூடிப் பேசி 2021 டிசம்பர் 1 முதல் இரண்டு ரூபாய் ஆக்கினார்கள். விலை எழுத்துக்கு முன் ₹ குறியீடு இருந்தால் அது 2010 ஜூலைக்குப் பிறகுதான், அதற்கு முன் அந்தக் குறியீடே கிடையாது.

அடுத்தது முகவரி. ஆறு இலக்க அஞ்சல் குறியீட்டு எண் 1972 ஆகஸ்ட் 15இல் வந்தது. எண் இருந்தால் அதற்குப் பிந்தையது. மாவட்டப் பெயர் இன்னும் நெருக்கமாகக் காட்டிக்கொடுக்கும். சிவகாசி, இராமநாதபுரம் மாவட்டம் என்றிருந்தால் 1985க்கு முந்தைய முகவரி. காமராஜர் மாவட்டம் என்றிருந்தால் 1985 முதல் 1997 வரை. விருதுநகர் மாவட்டம் என்றால் அதற்குப் பிறகு. கோவில்பட்டி லேபிளில் திருநெல்வேலி மாவட்டம் இருந்தால் 1986க்கு முன், சிதம்பரனார் மாவட்டம் என்றால் 1997 வரை, தூத்துக்குடி மாவட்டம் என்றால் பிறகு. “சென்னை மாநிலம்” என்று இருந்தால் கொண்டாடுங்கள், அது 1969 ஜனவரிக்கு முந்தைய காலம்.

பெட்டியின் மேல் குறுக்கே மெல்லிய தாள் பட்டை ஒட்டியிருந்தால் அது கலால் வரி கட்டியதற்கான அடையாளம். தீப்பெட்டிக்குத் தனியாக வரி போட்டு 1934இல் சட்டம் வந்தது. பட்டையைப் பிய்த்துவிடாதீர்கள், லேபிளைவிட அது அரிதாகக்கூட இருக்கலாம். காலத்தின் இன்னொரு முனையில், 33 என்று தொடங்கும் பதினைந்து எழுத்து ஜிஎஸ்டி எண் இருந்தால் அது 2017 ஜூலைக்குப் பிறகு, தமிழ்நாட்டில் பதிவானது.

ஒன்றை மட்டும் கவனியுங்கள். பழைய அச்சுத் தகட்டையே பல வருஷம் ஓட்டுவார்கள், மீந்த லேபிளைத் தீரும்வரை ஒட்டுவார்கள். அதனால் ஒரே துப்பை நம்பாமல் இரண்டு மூன்றைச் சேர்த்துப் பார்த்து, “1986க்கும் 1997க்கும் இடையில்” என்பதுபோல் எழுதுங்கள். துல்லியமான ஆண்டு போட்டுவிட ஆசை வரும், வேண்டாம்.

படி 5: குறிப்பு எழுதுங்கள்

ஒவ்வொரு லேபிளுக்கும் ஒரு எண். அதே எண்ணை நோட்டிலும் எழுதுங்கள், லேபிளின் பின்பக்கம் மென்மையான பென்சிலால் எழுதுங்கள். பேனா வேண்டாம். என் நோட்டில் ஒரு பதிவு இப்படி இருக்கும்:

*எண் 47. படம்: மயில், தோகை விரித்தது. மூன்று வண்ணம், சிவப்பு சற்று விலகி அச்சாகியிருக்கிறது. அட்டைப் பெட்டி. ஊர்: கோவில்பட்டி, சிதம்பரனார் மாவட்டம். விலை: 50 காசு. காலம்: 1986–1997, விலையைப் பார்த்தால் 1995க்குப் பிறகு. கிடைத்தது: அத்தை வீட்டுப் பூஜை அலமாரி.*

கடைசி வரி முக்கியம். யார் வீட்டில், எந்தக் கடையில் கிடைத்தது என்பது பத்து வருஷம் கழித்து யாருக்கும் நினைவிருக்காது.

படி 6: பத்திரப்படுத்துங்கள்

செலோடேப், ஃபெவிகால் இரண்டும் எதிரிகள். டேப் மஞ்சளாகிக் கறையைத் தாளில் விட்டுவிடும். தபால்தலை ஆல்பத்துக்கு விற்கும் கீல்தாள் (மடித்து ஒட்டும் சின்னக் காகிதத் துண்டு) அல்லது மூலைப் பைகள் போதும். விரித்த அட்டைகளுக்கு ஒளிபுகும் பாக்கெட் தாள்கள் நல்லது, பிவிசி பிளாஸ்டிக் மட்டும் வேண்டாம். ஐப்பசி மழையில் தாள் ஈரம் இழுக்கும், ராமபாணப் பூச்சி வரும். சிலிகா ஜெல் பொட்டலம் போட்டு, மாதம் ஒருமுறை ஆல்பத்தைத் திறந்து காற்றாட விடுங்கள்.

படி 7: வாங்கும்போதும் மாற்றிக்கொள்ளும்போதும்

பழைய ஸ்வீடன், ஜப்பான் லேபிள்கள் என்று விற்பவற்றில் புதிதாக அச்சடித்த நகல்களும் உண்டு. பத்து மடங்கு பெரிதாக்கும் லென்ஸ் ஒன்று வாங்குங்கள். பழைய கல்லச்சில் (கல்லில் படம் வரைந்து அச்சிடும் முறை) புள்ளிகள் ஒழுங்கில்லாமல், கையால் வைத்ததுபோல் இருக்கும். வட்ட வட்டமாக ஒரே சீராகப் புள்ளிகள் தெரிந்தால் பிற்கால ஆஃப்செட், பொடி தூவியதுபோல் சிதறியிருந்தால் வீட்டு பிரின்டர். தபாலில் மாற்றிக்கொள்ளும்போது விரித்த அட்டையை மட்டும் அனுப்புங்கள். தீக்குச்சி தபாலில் அனுப்பக் கூடாத பொருள், விமானத்தில் பயணப் பெட்டியில் போட்டுக் கொண்டுபோகவும் அனுமதியில்லை.

படி 8: சின்னப் புத்தகமாக்குங்கள்

நூறு லேபிள் சேர்ந்தாலே நாற்பது பக்கப் புத்தகத்துக்குப் பொருள் இருக்கிறது. லேபிள்களை 600 டிபிஐயில் ஸ்கேன் செய்யுங்கள், அருகில் ஒரு அளவுகோலையும் வைத்து. நிறத்தை “அழகாக்க” வேண்டாம். மங்கல் மங்கலாகவே இருக்கட்டும்.

படத்துக்குக் கீழே நோட்டிலிருந்த குறிப்பு, அதற்கு நடுநடுவே கட்டுரைகள். வெறும் படத்தொகுப்பாக விட்டுவிடாதீர்கள். கோவில்பட்டிப் பக்கம் போய், பெட்டி ஒட்டிய, குச்சி அடுக்கிய பெண்களிடம் பேசுங்கள். எந்தக் காலத்தில் என்ன கூலி, பள்ளிக்கூடம் போகாமல் யார் யார் வேலைக்குப் போனார்கள் என்று கேளுங்கள். தீப்பெட்டித் தயாரிப்பில் குழந்தைகளை வேலைக்கு வைப்பதை 1986 சட்டம் தடை செய்தது. சிவகாசி தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996இல், அப்படி வைத்த முதலாளி ஒவ்வொரு குழந்தைக்கும் இருபதாயிரம் ரூபாய் கட்ட வேண்டும் என்றது. அதற்கு முந்தைய லேபிள்களில் பலவற்றைச் சின்ன விரல்கள்தான் ஒட்டியிருக்கும். மயிலும் தாமரையும் அச்சான பக்கத்துக்கு எதிர்ப்பக்கத்தில் அந்த விரல்களின் கதை இல்லாமல் ஒரு தீப்பெட்டிப் புத்தகம் வருவதை நான் ஏற்கமாட்டேன். பேசியவர் பெயரைப் போட அனுமதி கேளுங்கள், தயங்கினால் ஊரை மட்டும் போடுங்கள்.

பிராண்டு பெயர்களும் படங்களும் நிறுவனங்களின் வணிகச் சின்னங்கள். நண்பர்களுக்கு இருபது பிரதி கொடுப்பதோடு நிற்காமல் விற்பதாக இருந்தால், இன்னும் நடந்துகொண்டிருக்கும் நிறுவனங்களுக்கு எழுதி அனுமதி கேட்டுவிடுங்கள். அந்தக் கடிதத்திலேயே அவர்களிடம் பழைய லேபிள் கோப்பு இருக்கிறதா, யார் வரைந்தது என்று தெரியுமா என்றும் ஒரு வரி சேர்த்துக் கேளுங்கள். ஓவியர் பெயர் கிடைத்தால் அதைப் படத்துக்கு நேர் கீழே, பிராண்டு பெயரின் அளவிலேயே போடுங்கள்.